கால் சுற்று

பெரியகல்லாற்றில் அந்த நாளில் கண்ணகை என்ற பெயரில் ஏழெட்டுப் பேர் இருந்தார்கள். இவள் தையல்காரக் கண்ணகை. பள்ளிக்கூடச் சட்டை, சாமத்தியச் சடங்குப் பாவாடை, மணவாட்டி பிளவுஸ் எல்லாம் இவள் கைதான். புருஷன் இராசதுரை வள்ளங்களுக்குப் பூட்டும் மோட்டார்களைத் திருத்துகிறவன். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. ஆற்றோரம் இருந்த அந்த வீட்டில் ஒரு பக்கம் தையல் மெஷின், மறுபக்கம் கழற்றிப்போட்ட மோட்டார். நடுவில் ஒரு மேசை. அந்த மேசை விளிம்பில் ஒரு கோப்பி மில் பூட்டியிருந்தது.

பட்டணத்துப் பறங்கிக் குடும்பம் ஒன்று அவுஸ்திரேலியாவுக்குப் போகும்போது இராசதுரைக்குக் கொடுத்துவிட்டுப் போன இரும்பு மில் அது. மேலே கொட்டை போடும் கிண்ணம், பக்கத்தில் சுற்றும் கைபிடி, உள்ளே ஒன்றையொன்று பார்த்தபடி பல் வெட்டிய இரண்டு சில்லுகள், முன்னால் ஒரு திருகாணி. திருகாணியை இறுக்கினால் சில்லுகள் நெருங்கித் தூள் மாவாக விழும். தளர்த்தினால் விலகிக் குறுணியாக விழும். இவ்வளவுதான் அதன் சூட்சுமம் என்று பார்க்கிறவர்கள் நினைப்பார்கள். கண்ணகையும் அப்படித்தான் நினைத்திருந்தாள். அவள் அதைத் தொட்டதே இல்லை. வெள்ளிக்கிழமை காலையில் கொட்டை வறுப்பது அவள் வேலை, அரைப்பது அவன் வேலை. எந்த வெள்ளிக்கிழமை அரைத்தாலும் தூள் ஒரே மாதிரி இருக்கும். கோப்பியும் ஒரே மாதிரி இருக்கும். அதை ஒரு பெரிய விஷயமாக யாரும் பேசிக்கொண்டதில்லை.

தொண்ணூற்றுமூன்று புரட்டாதியில் இராணுவத்தினர் ஊரைச் சுற்றிவளைத்தார்கள். ஆண்களை எல்லாம் பள்ளிக்கூட மைதானத்தில் இருத்தி, முகத்தை மூடிய ஒருவனுக்கு முன்னால் ஒவ்வொருவராக நடக்கவிட்டார்கள். இராசதுரை வந்தபோது முகமூடிக்காரன் தலையை ஆட்டினான்; இராசதுரையைப் பிடித்துக்கொண்டு போனார்கள். இயக்கப் பெடியள் கொண்டுவந்து போட்ட இரண்டு மோட்டாரை அந்த மாசியில் இராசதுரை திருத்திக் கொடுத்திருந்தான். மாட்டேன் என்று சொல்லியிருக்க முடியாது என்பது ஊருக்கே தெரியும். அதைக் கேட்க அந்த மைதானத்தில் யாரும் இல்லை.

ஏழு மாதம் அவன் எங்கே என்று தெரியாது. கண்ணகை காம்ப் காம்பாக ஏறி இறங்கினாள். ஒவ்வொரு வாசலிலும் "இங்க இல்ல" என்ற ஒரே சொல். சித்திரை பிறந்த பிறகுதான், தெற்கே ஒரு சிறையில் அவன் இருப்பதாகச் செஞ்சிலுவைக்காரர் மூலம் ஒரு துண்டு வந்தது. வழக்கு இல்லை, தவணை இல்லை. விசாரணை முடியவில்லை என்று மட்டும் எழுதியிருந்தது.

முதல் முறை பார்க்கப் போனபோது இரண்டு பஸ் மாறி, ஒன்றரை நாள் பயணம். கம்பி வலைக்கு இந்தப் பக்கம் அவள், அந்தப் பக்கம் அவன். நடுவில், தமிழ் தெரிந்த ஒரு சிங்கள உத்தியோகத்தர் கதிரை போட்டு உட்கார்ந்து ஒவ்வொரு சொல்லையும் கேட்டுக்கொண்டிருந்தார். பதினைந்து நிமிடம். இராசதுரை மெலிந்து, காதோரம் நரைத்திருந்தான். அவள் அழுததில் பாதி நேரம் போய்விட்டது.

"அழாத புள்ள. நான் நல்லா இரிக்கன்" என்றான். பிறகு, ஏதாவது கேட்க வேண்டுமே என்பதுபோல, "வாறநேரம் நம்மட கோப்பித்தூள் கொஞ்சம் கொண்டுவா" என்றான்.

அவன் கேட்ட ஒரே பொருள் அது. வேறு எதையும் செய்துகொடுக்க அவளால் முடியாது. சட்டத்தரணி வைக்க வழியில்லை. தெரிந்த பெரியமனிதர் என்று யாரும் இல்லை. வாழ்க்கையில் முதல் தடவையாகக் கண்ணகை அந்த மில்லின் கைபிடியைப் பிடித்தாள். கொட்டையை வறுத்துக் கிண்ணத்தில் கொட்டிச் சுற்றினாள். விழுந்தது கோப்பித்தூள்தான் என்று நினைத்து ஒரு பால்மா ரின்னில் அடைத்துக்கொண்டு ஆடியில் மறுபடி போனாள். ரின்னை வாசலில் வாங்கிச் சோதித்து உள்ளே அனுப்பினார்கள். அரை மணித்தியாலம் கழித்து இராசதுரை வலைக்கு அந்தப் பக்கம் வந்தபோது அவன் விரலில் தூள் ஒட்டியிருந்தது. ரின்னைத் திறந்து தொட்டுப் பார்த்துவிட்டு வந்திருக்கிறான்.

"கொஞ்சம் கரடா இரிக்கி, என்ன?" என்றான். குறை சொல்லும் குரல் அல்ல. "இஞ்ச சுடுதண்ணி காலையில ஒருக்காத்தான். எங்கட அறைக்கு வந்து சேரக்குள்ள ஆறிப்போயிரும். தூள் மாவு மாதிரி இருந்தாத்தான் அந்தத் தண்ணியில சாயம் இறங்கும். இல்லாட்டி எல்லாம் அடியில கிடக்கும்."

"எனக்கு அந்தத் திருகாணி புடிபடுதில்ல. எப்பிடி வைக்கிற?"

இராசதுரையின் முகம் மாறியது. கைது செய்யப்பட்ட நாளிலிருந்து அவனிடம் யாரும் அவன் தொழிலைப் பற்றிக் கேட்டதில்லை போலும். வலைக்கு நெருங்கி வந்து, கையால் காட்டிக்காட்டிச் சொல்லத் தொடங்கினான்.

"முதல்ல முழுக்க இறுக்கு. ரெண்டும் முட்டுற சத்தம் கேக்கும். கேட்டவுடன நிப்பாட்டு. அங்கயிருந்து சரியாக் கால் சுத்து விடு. அதுக்கு மேல போனா..."

"நிப்பாட்டு!" உத்தியோகத்தர் எழுந்துவிட்டார். "என்ன கால் சுத்து? என்ன முட்டுறது? எங்க முட்டுறது?"

"கோப்பி மில் ஐயா" என்றாள் கண்ணகை.

"கோப்பிக்கு ஏன் சத்தம்? நீ என்ன மெக்கானிக்கா?"

"அவருதான் மெக்கானிக்" என்று அவள் சொன்னாள். சொன்ன பிறகுதான் அது எவ்வளவு பிழையான பதில் என்று விளங்கியது. ஆறாவது நிமிடத்தில் சந்திப்பு முடிந்தது. இராசதுரையை உள்ளே தள்ளிக்கொண்டு போனார்கள். அவளை ஓர் அறையில் மாலைவரை இருத்திவைத்து, கால் சுற்று என்றால் என்ன, யாரிடம் கொண்டுபோய்ச் சொல்ல வேண்டும் என்று மாறி மாறிக் கேட்டார்கள். அவள் கையை வயிற்றருகே வைத்து, கண்ணுக்குத் தெரியாத கைபிடி ஒன்றைச் சுற்றிக் காட்டினாள். அவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கடைசியில் விட்டுவிட்டார்கள். ஆனால் அடுத்த ஐந்து மாதத்துக்கு வரக் கூடாது என்று எழுதிக் கொடுத்தார்கள். அவள் பேச்சால் அவனுக்கு உள்ளே என்ன நடந்தது என்று அவளுக்குத் தெரியவரவே இல்லை. அவனும் கடைசிவரை சொல்லவில்லை.

ஊருக்குத் திரும்பிய அவளிடம் இரண்டு சொல் மிஞ்சியிருந்தது: கால் சுற்று. அதன்படியே வைத்தாள். முழுக்க இறுக்கி, முட்டும் சத்தம் கேட்டு, கால் சுற்றுத் தளர்த்திவிட்டாள். முதல் பிடி நன்றாக விழுந்தது. அடுத்த பிடி குறுணியாகிவிட்டது. பார்த்தால் திருகாணி சுற்றச் சுற்ற அதிர்ந்து தானாகத் தளர்ந்திருந்தது. திருகாணிக்கு அடியில் தையல் நூலைச் சுற்றி இறுக்கினாள். நகப் பூச்சால் திருகாணியிலும் மில்லின் உடம்பிலும் ஒரு கோடு போட்டாள். கோடு இப்போது அசையவில்லை. தூள் மட்டும் ஒருநாள் போல் ஒருநாள் இல்லை.

அளவுநாடா பிடித்துப் பழகிய கை அது. அரை அங்குலம் பிசகினால் அவளுக்குப் பொறுக்காது. ஒரு பிழைக்குப் பின்னால் ஒன்றாகத் தேடிப் பிடித்தாள். கருகியது பாதி, வேகாதது பாதியாக வறுத்தால் கருகியது பொடியாகும், வேகாதது உடையும். ஆகவே அடுப்பைத் தணித்து, கையெடுக்காமல் கிண்டி, எல்லாக் கொட்டையும் ஒரே நிறமாக வறுக்கப் பழகினாள். கோப்பியோடு வழக்கமாகச் சேர்க்கும் மல்லியைக் கலந்து அரைத்தால் சில்லுக்குள் இழுபட்டது. மல்லியைப் பிறகு தனியாக அரைத்தாள். கிண்ணத்தில் கொஞ்சமாகப் போட்டால் கொட்டைகள் துள்ளித் துள்ளி உள்ளே போயின. கிண்ணத்தை நிரப்பிவைத்தால் ஒரே சீராக இறங்கின. கார்த்திகையில் மாரி தொடங்கியதும், ஆற்றுப் பக்கத்து ஈரத்தில் வறுத்த கொட்டை ஒரே இரவில் தோல்போல் ஆகிவிட்டது. அரைக்குமுன் சட்டியில் மறுபடி சூடுகாட்டி, ஆறவிட்டு அரைத்தாள். கோபத்தில் சுற்றினால் ஒரு தூள், களைத்துச் சுற்றினால் இன்னொரு தூள் என்றும் கண்டுபிடித்தாள். தையல் மெஷினை மிதிக்கும் காலின் தாளத்தை மனதில் வைத்துக் கையைச் சுற்றப் பழகினாள்.

இத்தனைக்குப் பிறகும் ஒவ்வொரு பிடியிலும் மாவோடு மாவாகக் குறுணி கிடந்தது. உரலில் இடித்தும் பார்த்தாள். துணியில் அரித்தால் பாதி மேலே தங்கியது. தங்கியதை மறுபடி இடித்தால் எண்ணெய் விட்டுப் பிசுபிசுத்தது. பதுளைப் பக்கமிருந்து கொட்டை வருவதே அபூர்வமாயிருந்த காலம். அதில் பாதியை எறிய மனம் வரவில்லை. ஒருநாள் பகல் முழுவதும் மில்லுக்கு முன்னால் உட்கார்ந்திருந்துவிட்டு, "எனக்கு ஏலாது" என்று வாய்விட்டுச் சொன்னாள். கேட்க ஆள் இருக்கவில்லை. பிறகு அடுப்படிக்குப் போய்ச் சோற்றை இறக்கினாள்.

தைப்பொங்கல் கழிந்து மறுபடி பார்க்க விட்டார்கள். குறுணி கலந்த அந்தத் தூளிலேயே ஒரு ரின் கொண்டுபோனாள். அப்போது சண்டை நிறுத்தம் வந்திருந்த நேரம். அதே வலை, அதே கதிரை, அதே உத்தியோகத்தர். இருவரும் ஊர்ப் புதினம் பேசினார்கள். மழை, வெள்ளம், பக்கத்து வீட்டுக் கல்யாணம். மில்லைப் பற்றி ஒரு சொல் இல்லை. நேரம் முடியப்போகும்போது இராசதுரை அவளை நேராகப் பார்த்துக் கேட்டான்.

"மாமிக்கு இப்ப எப்பிடி? இன்னும் இடுப்பு ஆடுதா?"

கண்ணகை திகைத்துப் போனாள். அவளுடைய அம்மா செத்துப் பத்து வருஷம். அவனே கொள்ளி வைத்த ஆள். புத்தி பேதலித்துவிட்டதோ என்று அவன் முகத்தைப் பார்த்தாள். ஆனால் அவன் கண் தெளிவாக இருந்தது. வலைக்குக் கீழே, மறைவாக, அவன் கை மெல்லச் சுற்றிக்கொண்டிருந்தது.

"ஓம்... ஆடுது" என்றாள்.

"அப்ப என்ன மருந்து குடுத்தும் சரிவராது. இடுப்பு ஒரு பக்கம் சாஞ்சா ஒரு பக்கம் கிட்ட இரிக்கும், மற்றப்பக்கம் விலகி இரிக்கும். ஹமீட் நானாட்டக் கொண்டு காட்டு. அவருக்குத் தெரியும்."

உத்தியோகத்தர் வாயைத் திறக்கவில்லை. உண்மையைப் பேசியபோது வெடிகுண்டு என்று நினைத்தார்கள். இப்போது புருஷனும் பெண்சாதியும் மெய்யாகவே பூடகமாகப் பேசுகிறார்கள், அது ஒரு கிழவியின் நோயாக அவருக்குக் கேட்டது. வீட்டுக்கு வந்தவுடன் கண்ணகை கைபிடியைப் பிடித்து மேலும் கீழும் அசைத்துப் பார்த்தாள். அச்சு தன் துளைக்குள் ஆடியது. துளை தேய்ந்து அகன்றிருந்தது. அச்சு சாய்ந்தால் சில்லும் சாயும். ஒரு பக்கம் மாவு விழும், மறுபக்கம் குறுணி விழும். இராசதுரை சுற்றும்போது அந்த ஆட்டத்தைக் கையாலேயே அமுக்கிப் பிடித்துக்கொண்டு சுற்றியிருக்கிறான். அவனுக்கே தெரியாமல் கை அதைச் செய்திருக்கிறது; அவள் அரைத்த குறுணியைத் தொட்ட பிறகுதான் அவனுக்கும் பிடிபட்டிருக்க வேண்டும்.

ஹமீட் காத்தான்குடியில் கடைசல் பட்டறை வைத்திருந்தவர். இராசதுரையின் மோட்டார்ச் சாமான் எல்லாம் முன்பு அவரிடம்தான் கடையப் போகும். பெரியகல்லாற்றிலிருந்து பட்டணம் போகிற பஸ் அந்தப் பட்டறை வாசலைத் தாண்டித்தான் போகும். ஆனால் தொண்ணூறில் தமிழர், முஸ்லிம்கள் இரண்டு பக்கமும் சாவு விழுந்த பிறகு, எங்கள் ஆட்கள் அங்கே இறங்குவதில்லை. அவர்கள் எங்கள் பக்கம் இறங்குவதில்லை. பஸ் அந்த ஊருக்குள் நுழைந்ததும் எல்லோரும் பேச்சை நிறுத்திவிட்டு முன்னே பார்த்துக்கொண்டிருப்பார்கள். கண்ணகை மூன்று தடவை மில்லை ஒரு பன்பையில் வைத்து மடியில் ஏந்திக்கொண்டு போனாள். பட்டறை திறந்திருப்பது யன்னல் வழியே தெரிந்தது. ஒரு தடவை ஹமீட் நானாவின் முதுகுகூடத் தெரிந்தது. மணியை அடிக்கச் சொல்ல வாய் வரவில்லை. பட்டணம்வரை போய், நூல் வாங்கிக்கொண்டு, மில்லையும் சுமந்துகொண்டு திரும்பி வந்தாள்.

கல்லடிப் பாலத்துச் சோதனைச்சாவடியில் ஒருமுறை பையைத் திறக்கச் சொன்னார்கள். இரும்பைக் கண்டதும் இளம் சிப்பாய் ஒருவன் அதை வெளியே எடுத்தான். என்ன கேட்டாலும் கால் சுற்று என்று மட்டும் கண்ணகை சொல்லிவிடக் கூடாது என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டாள். அவன் கிண்ணத்துக்குள் மூக்கை வைத்து மணந்து பார்த்தான். "கோப்பி" என்றான். சிரித்தான். கைபிடியை இரண்டு சுற்றுச் சுற்றிவிட்டு, பத்திரமாகப் பைக்குள் வைத்துக் கொடுத்தான். பஸ்ஸில் ஏறி உட்கார்ந்த பிறகு அவளுக்கு அழுகை வந்தது. ஏன் என்று அவளுக்கே தெரியவில்லை.

அன்றுதான் நூல்கடையில் உம்மு குல்தூமைக் கண்டாள். முன்பு காத்தான்குடியிலிருந்து துணிக்கட்டோடு கண்ணகையின் வீட்டுக்கு வந்து, தைக்கக் கொடுத்துவிட்டு, பகல் சோற்றையும் அங்கேயே தின்றுவிட்டுப் போகிற மனுசி. ஹமீட்டின் தங்கை. ஐந்து வருஷமாகப் பார்த்துக்கொள்ளவில்லை. இருவரும் நூல்கண்டுகளை எடுத்து எடுத்து வைத்தார்கள்.

"ராத்தா, சுகமா இரிக்கிறீங்களா?" என்று கண்ணகைதான் முதலில் கேட்டாள்.

"இரிக்கன் புள்ள. மூத்தவன் இல்ல. தொண்ணூறில மவுத்தாப் போயிட்டான்."

எப்படி என்று கண்ணகை கேட்கவில்லை. கேட்க என்ன இருக்கிறது? "இவரையும் கொண்டு போயிட்டாங்க. உள்ளுக்க இரிக்கார்" என்றாள். சொன்னவுடனே, உயிரோடு இருக்கும் ஒருவனைப் பற்றி அந்தத் தாயிடம் முறைப்பாடு சொன்னதுபோலக் கூச்சமாக இருந்தது. பையைப் பின்னால் இழுத்துக்கொண்டாள். கோப்பி மில் கடைந்து தரச் சொல்லி இவளிடம் எந்த வாயால் கேட்பது?

உம்மு குல்தூமின் கண்ணில் பை பட்டுவிட்டது. "என்ன புள்ள பாரமாத் தூக்கிட்டுத் திரியிறா?"

கண்ணகை சொன்னாள். வலை, ஆறிய தண்ணீர், குறுணி, இடுப்பு ஆடும் மாமி, எல்லாவற்றையும் கடைக்காரன் கேட்கக்கேட்கச் சொல்லி முடித்தாள். மாமி இடத்தில் உம்மு குல்தூம் ஒரு கணம் சிரித்து, உடனே முக்காட்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"தா இஞ்ச. நானாட்டக் குடுக்கன். இந்தக் கடையிலதான் கொண்டந்து வைப்பன்" என்று பையை வாங்கிக்கொண்டு போனாள்.

அது பங்குனி. சித்திரையில் சண்டை திரும்பவும் தொடங்கிவிட்டது. பஸ் ஓடாத நாட்கள், ஊரடங்கு, ஷெல். வைகாசி போயிற்று, ஆனி போயிற்று. பட்டணம் போக முடிந்த நாளெல்லாம் கண்ணகை நூல்கடைக்குப் போய்த் தலையை நீட்டினாள். கடைக்காரன் கையை விரித்தான். ஆனியில் சிறைக்கு உரலில் இடித்த தூளைத்தான் கொண்டுபோனாள். "மாமிய ஆசுபத்திரியில விட்டிரிக்கன். துண்டு வெட்டி வீட்டுக்கு விடுறாங்க இல்ல" என்று அவளே சொன்னாள். இராசதுரை தலையசைத்தான்.

ஆவணி கடைசியில் பை கடையில் இருந்தது. யார், எப்படிக் கொண்டுவந்தார்கள் என்று கடைக்காரனுக்குச் சரியாகச் சொல்லத் தெரியவில்லை. ஹமீட் துளையைப் பெரிதாக்கி, உள்ளே பித்தளையில் ஒரு வளையம் கடைந்து இறுக்கியிருந்தார். அச்சு மயிரிழைகூட அசையவில்லை. சில்லுகளின் பற்களையும் அரத்தால் கூராக்கியிருந்தார். வீட்டுக்கு வந்து கண்ணகை கொட்டையை வறுத்து, ஆறவிட்டு, கிண்ணத்தை நிரப்பி, முட்டும் சத்தம்வரை இறுக்கி, கால் சுற்று விட்டாள். கைபிடி எதிர்ப்பில்லாமல் வழுக்கிச் சுற்றியது. தூளை ஒரு வெள்ளைத் துணியில் பரப்பி, விரலால் இழுத்துப் பார்த்தாள். முதல் பிடியும் கடைசிப் பிடியும் ஒன்றாக இருந்தன. மறுநாளும் அரைத்தாள். அதே தூள். மூன்றாம் நாளும் அதே தூள். சோதனைக்காக ஆறிய தண்ணீரில் கரைத்தாள். கறுப்பாகச் சாயம் இறங்கியது.

புரட்டாதியில் கொண்டுபோனாள். வாசலில் ஒருவன் ரின்னைக் கடதாசியில் கவிழ்த்து, கம்பியால் கிளறி, சிந்தியது போக மிச்சத்தை உள்ளே அனுப்பினான். வலைக்கு அந்தப் பக்கம் இராசதுரை விரல் நுனியைத் தேய்த்துப் பார்த்தான். நெடுநேரம் பார்த்தான்.

"மாமி நடக்கிறா போல" என்றான்.

"நடக்கிறா" என்றாள்.

"எங்கட அறையில நாப்பது பேர். எல்லாருக்கும் ஒவ்வொரு வாய் வரும்" என்று சொன்னான். அவ்வளவுதான் பேசினார்கள் என்று கண்ணகை பிறகு சொல்வாள். மிச்ச நேரம் சும்மா பார்த்துக்கொண்டு நின்றார்களாம்.

தையில் இன்னொரு ரின்னோடு போனபோது அவன் அங்கே இல்லை. வேறு சிறைக்கு மாற்றிவிட்டார்கள். எந்தச் சிறை என்று சொல்ல அந்த வாசலில் இருந்தவருக்கு அதிகாரம் இல்லையாம். அதைக் கண்டுபிடிக்க நான்கு மாதம் எடுத்தது. கண்டுபிடித்த இடத்தில், வெளியிலிருந்து தின்னக் குடிக்க எதுவும் உள்ளே விடுவதில்லை என்று சட்டம். ரின்னைத் தூக்கிக் காட்டினாள், தூளை எடுத்துத் தன் வாயில் போட்டுக் காட்டினாள். வாசல்காரன் அடுத்த ஆளைக் கூப்பிட்டான். அன்று அந்த ரின்னைத் திரும்பிவரும் பஸ்ஸில் பக்கத்தில் இருந்த, மகனைப் பார்க்க வந்த ஒரு தாயிடம் கொடுத்துவிட்டாள்.

ஆனாலும் வெள்ளிக்கிழமைகளில் அரைத்தாள். தனக்கென்று ஒரு கோப்பை. சில நாள் பக்கத்து வீட்டுக்கு. தூள் பிசகவே இல்லை. அந்தச் சில வருஷங்களில் அவள் சொன்னபடி நடந்த ஒரே காரியம் அதுதான். அதனால் யாருக்கும் ஒரு பிரயோசனமும் இருக்கவில்லை.

தொண்ணூற்றெட்டுப் பங்குனியில் இராசதுரையை விட்டார்கள். ஒரு வழக்கும் போடவில்லை. நாலரை வருஷம் ஏன் வைத்திருந்தார்கள் என்பதற்கு ஒரு கடதாசியும் இல்லை. வந்த மறுநாள் அவள் அரைப்பதைப் பார்த்துக்கொண்டு மேசைக்குப் பக்கத்தில் நின்றான். கைபிடியை நீட்டினாள். "நீயே செய் புள்ள. உன்ர கை இப்ப நல்லாப் பழகிட்டு" என்று சொல்லிவிட்டு முற்றத்துக்குப் போய்விட்டான். மோட்டார் திருத்த அவனிடம் யாரும் வரவில்லை. வந்தாலும் அவன் தொட்டிருக்கமாட்டான்.

விடும்போது ஒரு நிபந்தனை போட்டிருந்தார்கள். ஞாயிறுதோறும் காலை எட்டு மணிக்கு ஊர்க் காம்பில் போய்க் கையெழுத்து வைக்க வேண்டும். கண்ணகையும் கூடப் போவாள். அவளை உள்ளே விடமாட்டார்கள். முள்ளுக்கம்பிக்கு வெளியே, வாகை மரத்தடியில் வேறு நாலைந்து பெண்களும் நிற்பார்கள். சில ஞாயிறு பத்து நிமிடத்தில் வந்துவிடுவான். சில ஞாயிறு பதினொரு மணியாகும், பன்னிரண்டாகும். அங்கே நிற்கிற யாரும் ஏன் என்று கேட்பதில்லை. உள்ளே போன தலை வெளியே வருகிறதா என்று அந்த வழியையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள்.